மாரிகுப்பம்: இரண்டு ரயில் நிலையங்களுக்கு இடையே ஒரு வரலாற்று நடை

பெங்களூரிலிருந்து கிழக்கு நோக்கி வரும் ரயில் பங்காருப்பேட்டையில் சென்னைப் பாதையை விட்டுப் பிரிகிறது. கோரமண்டல், உரிகம், சாம்பியன் ஆகிய நிலையங்களைக் கடந்து மாரிகுப்பத்தில் நின்றுவிடுகிறது. அதற்கு அப்பால் தண்டவாளம் இல்லை. கோலார் தங்கவயலின் தென்கோடி அது. 1894இல் இந்தக் கிளைப் பாதை திறக்கப்பட்டபோது, பங்காருப்பேட்டைக்கு மைசூர் ஆணையராக இருந்த பௌரிங் என்பவரின் பெயரால் பௌரிங்பேட்டை என்று பெயர் வழங்கியது. சுரங்கத்துக்கு வேண்டிய எந்திரங்களையும் நிலக்கரியையும் ஆட்களையும் உள்ளே கொண்டுவருவதற்காகவே இந்தப் பாதை போடப்பட்டது.

மாரிகுப்பம் நிலையத்தில் இறங்கி, அடுத்த நிலையமான சாம்பியன் வரை வடக்கு நோக்கி நடந்தால், நிதானமாக நடப்பவருக்குக்கூட அதிக நேரம் ஆகாது. ஆனால் அந்தச் சிறு தொலைவுக்குள் இருநூறு ஆண்டுத் தமிழ் உழைப்பின் வரலாறு கிடக்கிறது. அதைச் சுட்டிக்காட்டும் பலகைகள்தாம் அங்கே இல்லை.

பழைய சுரங்க ஊர்களை நடந்து பார்க்கும் வழக்கம் ஜப்பானில் நன்கு வேரூன்றியிருக்கிறது. ஷிமானே மாநிலத்தின் இவாமி கின்சான் வெள்ளிச் சுரங்கத்தை ஒட்டிய ஓமோரி என்னும் சிற்றூரின் பழைய தெரு, மரவீடுகளோடும் சிறு கோயில்களோடும் பாதுகாக்கப்பட்டு, 2007இல் சுரங்கத்தோடு சேர்த்து உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றது. சாடோ தீவின் தங்கச் சுரங்கங்கள் 2024இல் அப்பட்டியலில் சேர்ந்தன. ஆனால் அந்தச் சேர்க்கை எளிதாக நடந்துவிடவில்லை. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் அங்கே கட்டாய வேலைக்கு உட்படுத்தப்பட்ட கொரியத் தொழிலாளர்களின் கதையை மறைத்துவிட்டு, பழைய காலத்துப் பெருமையை மட்டும் காட்டக்கூடாது என்று கொரியா எதிர்ப்புத் தெரிவித்தது. சுரங்கத்தின் முழு வரலாற்றையும் காட்சிப்படுத்துவதாக ஜப்பான் ஒப்புக்கொண்ட பிறகே ஒருமித்த முடிவு ஏற்பட்டது. ஒரு சுரங்க ஊரைப் பாதுகாப்பது என்றால், அங்கே யாருடைய நினைவைப் பாதுகாப்பது என்ற கேள்வி சாடோவில் எழுந்தது. அதே கேள்வி மாரிகுப்பத்துக்கும் பொருந்தும்.

தங்கவயலைப் பற்றிய வழக்கமான வரலாறு மைக்கேல் லாவெல் என்னும் அயர்லாந்துக்காரரிடமிருந்து தொடங்குகிறது. நியூசிலாந்துப் போரில் பணியாற்றி, பெங்களூரில் வந்து தங்கிய இந்தப் படைவீரர், 1873இல் மைசூர் அரசிடம் விண்ணப்பித்து, 1875இல் இருபது ஆண்டுச் சுரங்க உரிமம் பெற்றார். அவரிடமிருந்து உரிமை கைமாறி, 1880இல் லண்டனின் ஜான் டெய்லர் நிறுவனம் பொறுப்பேற்றது. இந்த வரிசையில் பிழையில்லை. ஆனால் இது கதையின் நடுப்பகுதி.

தொடக்கம் மாரிகுப்பத்தில்தான் இருக்கிறது. திப்பு சுல்தான் வீழ்ந்தபின் மைசூர் எல்லையை அளக்க வந்த ஜான் வாரன் என்னும் படையதிகாரி, 1802இல் இப்பகுதி மக்கள் மண்ணை அரித்துத் தங்கம் எடுப்பதைக் கேள்விப்பட்டார். மாரிகுப்பத்துக்கு வந்தபோது, ஏற்கெனவே தோண்டப்பட்டு வேலை நடந்துகொண்டிருந்த குழிகளைக் கண்டார். ஒன்று 30 அடி, மற்றொன்று 45 அடி ஆழம். உள்ளே வெட்டிய கல்லைக் கூடைகளில் இட்டு, இடையிடையே நின்ற ஆட்கள் கைமாற்றி மேலே அனுப்பினர். மேலே பெண்கள் அந்தக் கல்லைப் பாறைமேல் வைத்து இடித்துத் தூளாக்கினர். பின்னர் கிணற்றடிக்குக் கொண்டுபோய் அரித்துப் பொன் பிரித்தனர். வேலை செய்தவர்கள் பறையர் சமூகத்தினர் என்பதையும் வாரன் எழுதிவைத்தார்.

ஆகவே, ஐரோப்பியர் வந்து தங்கத்தைக் கண்டுபிடித்தனர் என்பதைவிட, தங்கம் எடுத்துக்கொண்டிருந்த மக்களை அவர்கள் கண்டுபிடித்தனர் என்பதே பொருத்தமாகும். ஜான் டெய்லர் நிறுவனத்தின் மைசூர் சுரங்கம் முதல் சில ஆண்டுகள் கையிருப்பைக் கரைத்துவிட்டுத் தடுமாறியது. கடைசி முயற்சியாகப் பழைய குழிகளின் அடியில் துழாவியபோதுதான், 1880களின் நடுவில் பிளம்மர் என்னும் சுரங்க மேற்பார்வையாளர் பெரும் பொன்ரேகையை எட்டினார். சாம்பியன் ரேகை என்று பின்னர் புகழ்பெற்ற அதன் முகவரியை, பெயர் தெரியாத மக்கள் தோண்டிய குழிகளே காட்டிக்கொடுத்தன. மாரிகுப்பம் அந்த மைசூர் சுரங்கத்தின் ஊர்.

நிலையத்திலிருந்து வெளியே வந்து நடக்கத் தொடங்குபவர் முதலில் காண்பது ‘லைன்’ எனப்படும் தொழிலாளர் குடியிருப்பு வரிசைகளை. முதுகோடு முதுகு ஒட்டிய, தாழ்ந்த கூரையுடைய சிறு வீடுகள் நீண்ட கோடுகளாகச் செல்கின்றன. தொடக்க காலத்தில் இவை செங்கல் வீடுகளாகக்கூட இல்லை. மூங்கில் தட்டிகளால் அடைத்த குடிசைகளாகவே இருந்தன. 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவை வாட்டிய பெரும் பஞ்சத்துக்குப் பின்னர், வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளிலிருந்து நிலமற்ற குடும்பங்கள் இங்கே வந்தன. வந்தவர்களில் பெரும்பாலோர் தமிழ் பேசும் ஒடுக்கப்பட்ட சாதியினர்.

இந்த வரிசைகளுக்கு எதிர்முகமாக இருந்த உலகம் வேறு. அதிகாரிகளுக்குத் தோட்டம் சூழ்ந்த பங்களாக்களும், மனமகிழ் மன்றமும், கோல்ஃப் மைதானமும் இருந்தன. ‘சிறிய இங்கிலாந்து’ என்ற பட்டம் தங்கவயலுக்கு வந்தது அந்தப் பகுதியைப் பார்த்துத்தான். இவ்விரு உலகங்களுக்கும் இடையில் கார்ன்வால் சுரங்க வல்லுநர்கள், இத்தாலியச் சுரங்கத் தொழிலாளர்கள், ஆங்கிலோ-இந்தியர், காவலுக்கு வந்த பஞ்சாபியர் என்று பல அடுக்குகள் இருந்தன. யார் எந்த வேலை செய்வது, எங்கே குடியிருப்பது என்பனவெல்லாம் இனத்தாலும் சாதியாலும் வரையறுக்கப்பட்டிருந்தன.

மின்சாரம் வந்த கதையிலும் இந்த ஏற்றத்தாழ்வைக் காணலாம். சிவசமுத்திரத்தில் காவிரியின் வீழ்ச்சியிலிருந்து எடுத்த மின்சாரம், ஏறத்தாழ 147 கிலோமீட்டர் கம்பிவழி வந்து 1902 ஜூனில் தங்கவயலை எட்டியது. அக்காலத்தில் உலகின் மிக நீண்ட மின்தடங்களுள் அது ஒன்று. பெங்களூர் நகரத்துக்கே 1905இல்தான் அந்த வெளிச்சம் கிடைத்தது. ஆனால் அந்த மின்சாரம் வந்தது எந்திரங்களுக்காக. லைன் வீட்டுக்குள் விளக்கு எரிய இன்னும் நெடுங்காலம் ஆனது.

இவ்வளவு இருந்தும், இந்த வரிசைகளை வெறும் துயரத்தின் இடமாக மட்டும் பார்ப்பது வரலாற்றுக்குப் பொருந்தாது. ஊரில் பண்ணையாரின் நிலத்தில் கூலியாகக் கிடந்தவருக்கு இங்கே மாதந்தோறும் கையில் காசு கிடைத்தது. சேரி என்று ஒதுக்கிவைக்க இங்கே ஊர் இல்லை. எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர் செய்தித்தாளை உரக்கப் படித்தால், கேட்பதற்கு ஒரு வரிசையே திரண்டது. இந்தச் சூழலிலிருந்துதான் மாரிகுப்பத்தின் மிகப்பெரிய, ஆனால் வெளியே மிகக் குறைவாக அறியப்பட்ட வரலாறு பிறந்தது.

1898இல் அயோத்திதாசப் பண்டிதர் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தைத் தொடங்கினார். 1907 ஜூன் 19இல் ‘ஒரு பைசாத் தமிழன்’ இதழ் இராயப்பேட்டையிலிருந்து வெளிவரத் தொடங்கியது. ஓராண்டுக்குப் பின் ‘தமிழன்’ என்று பெயர் சுருங்கியது. அவ்விதழின் பக்கங்களில் அடிக்கடி இடம்பெறும் ஊர்ப்பெயர்களில் மாரிகுப்பமும் ஒன்று. சாக்கிய பௌத்த சங்கத்தின் கிளை இங்கே 1907 அளவிலேயே இயங்கியது. பின்னர்ச் சாம்பியன் ரீஃபிலும் கிளை தோன்றியது. எம். ஒய். முருகேசர் போன்றோர் அதை முன்னின்று நடத்தினர். சந்தா சேர்ப்பது, நூல் அச்சிடப் பொருளுதவி செய்வது, வைகாசிப் பௌர்ணமி கொண்டாடுவது, திருமணத்தையும் இறுதிச் சடங்கையும் பௌத்த முறைப்படி நடத்துவது எனச் சுரங்கத் தொழிலாளர் குடும்பங்கள் ஒரு புதிய பண்பாட்டையே கட்டியெழுப்பின.

1914இல் அயோத்திதாசர் மறைந்தார். சென்னையில் இதழ் தொய்வடைந்து நின்றது. பின்னர் 1920களின் பிற்பகுதியில் ‘தமிழன்’ மீண்டும் உயிர்பெற்றது கோலார் தங்கவயலில்தான். அதன் ஆசிரியராக இருந்தவர் ஜி. அப்பாதுரையார். அயோத்திதாசரின் நூல்களைத் தொடர்ந்து பதிப்பித்துக் காப்பாற்றியதும் தங்கவயலின் சித்தார்த்தா புத்தகசாலையே. 1990களின் இறுதியில் அயோத்திதாசரின் எழுத்துகள் தொகுப்புகளாக வெளிவந்து தமிழ்ச் சிந்தனை உலகை உலுக்கின. அதுவரை அந்த எழுத்துகள் அழியாமல் இருந்ததற்கு, சுரங்கக் கூலியில் மிச்சம் பிடித்த காசு ஒரு முதன்மைக் காரணம்.

அண்ணல் அம்பேத்கர் நாகபுரியில் பௌத்தம் தழுவியது 1956 அக்டோபரில். அதற்கு ஏறத்தாழ அரை நூற்றாண்டுக்கு முன்பே, மாரிகுப்பத்தின் லைன் வீடுகளில் ‘நாங்கள் பூர்வ பௌத்தர்கள்’ என்று அறிவித்துக்கொண்ட தொழிலாளர்கள் வாழ்ந்தனர். இந்தியாவின் வேறு எந்தச் சுரங்க ஊருக்கும் இத்தகைய அறிவு வரலாறு இருப்பதாகச் சொல்வது கடினம். ஆனால் மாரிகுப்பம் நிலையத்தில் இறங்கும் ஒருவருக்கு இதைச் சொல்ல ஒரு கல்வெட்டும் இல்லை.

வரிசைகளைத் தாண்டி மேலே நடந்தால் சுரங்க வாய்களின் நிலம் தொடங்குகிறது. எட்கர், டெனன்ட், மெக்டாகர்ட் என்று மைசூர் சுரங்கத்தின் இறங்குகுழிகள் பெயர் பெற்றன. நிறுவனத்தோடு தொடர்புடைய ஐரோப்பியர்களின் பெயர்கள் அவை. குழியின்மேல் நின்ற இரும்புக் கோபுரமும், அதன் உச்சியில் சுழன்ற சக்கரமும், அதில் தொங்கிய கூண்டும் ஒரு நாளின் மூன்று ஷிப்டுகளைத் தீர்மானித்தன. ஊரின் நேரத்தைச் சொன்னது சங்கு. நேரமில்லா நேரத்தில் சங்கு ஒலித்தால், அல்லது நிலம் அதிர்ந்தால், வரிசைகளிலிருந்த பெண்கள் குழந்தைகளோடு குழிவாய்க்கு ஓடினர்.

அந்த அதிர்வு பாறை வெடிப்பால் வந்தது. பூமிக்குள் ஆழம் கூடக்கூட, மேலிருக்கும் பாறையின் பாரம் சுரங்கச் சுவர்களை நெருக்குகிறது. தாங்கும் எல்லை கடந்ததும் பாறை திடீரென்று உடைந்து சிதறுகிறது. சாம்பியன் ரீஃப் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழத்தை எட்டி, உலகின் மிக ஆழமான சுரங்கங்களுள் ஒன்றானது. அந்த ஆழத்தில் பாறையின் வெப்பம் 60 பாகை செல்சியசையும் தாண்டியது. உடனே கொன்ற பாறை வெடிப்பு ஒருபுறம் இருக்க, மெல்லக் கொன்ற சிலிக்கா தூசி மறுபுறம் இருந்தது. துளைபோடும்போது எழும் நுண்தூள் நுரையீரலில் படிந்து இறுகும் சிலிக்கோசிஸ் நோய், ஓய்வு பெறும் வயதுக்கு முன்பே பலரை வீட்டுத் திண்ணையில் உட்காரவைத்தது.

இத்தனை ஆபத்தை ஏற்ற தொழிலாளியை நிறுவனங்கள் நம்பவில்லை. அவனைத் திருடன் என்ற ஐயத்தோடே நடத்தின. 1930இல் ஒவ்வொரு தொழிலாளியின் கைரேகையையும் பதிவு செய்ய வேண்டும் என்று நிறுவனங்கள் ஆணையிட்டன. குற்றவாளியிடம் எடுப்பதை உழைப்பாளியிடம் எடுப்பதா என்று தங்கவயலே கொதித்தது. 21 நாள் வேலைநிறுத்தம் நடந்தது. அப்போது அவர்களுக்குப் பதிவுபெற்ற தொழிற்சங்கம்கூட இல்லை. இறுதியில் கைரேகைத் திட்டம் கைவிடப்பட்டது. கூலி உயர்வுக்காக எழுந்த கிளர்ச்சியன்று அது. மானத்துக்காக எழுந்தது. தம்மைப் பூர்வ பௌத்தர் என்றும், வந்தேறிக் கூலிகள் அல்லர் என்றும் கால் நூற்றாண்டாகப் படித்தும் பேசியும் வந்த ஒரு மக்கள் கூட்டம், கைரேகையை மறுத்ததில் வியப்பில்லை.

1940களில் கே. எஸ். வாசன், வி. எம். கோவிந்தன் போன்ற பொதுவுடைமைத் தலைவர்கள் தொழிற்சங்கங்களைக் கட்டினர். 1946 நவம்பர் 4இல் நடந்த துப்பாக்கிச்சூட்டில் ஆறு தொழிலாளர்கள் உயிரிழந்தனர். அந்த நாளைத் தங்கவயல் இன்றும் தியாகிகள் நாளாக நினைவுகூர்கிறது. அம்பேத்கர் 1954இல் இங்கே வந்தார். செங்கொடியும் நீலக்கொடியும் அருகருகே பறந்த ஊர் என்பது தங்கவயலின் தேர்தல் வரலாற்றிலும் பதிவாகியிருக்கிறது.

வடக்கே செல்லச் செல்ல, வலமும் இடமுமாகச் சாம்பல் வெண்மை நிறத்தில் தட்டையான குன்றுகள் எழுகின்றன. ஊரார் இவற்றைச் சயனைடு மேடு என்கின்றனர். கல்லை மாவாக அரைத்து, சயனைடு கரைசலில் பொன்னைக் கரைத்துப் பிரித்தபின் எஞ்சிய கழிவு இது. மேலிருந்து மழை அரித்த கோடுகள் கீழே இறங்குகின்றன. காற்று வீசும் மாதங்களில் இந்த மேட்டின் தூள் லைன் வீடுகளுக்குள் இறங்குகிறது. சோற்றில் கல் கடித்தால் பழைய தொழிலாளர் குடும்பங்களுக்கு அது புதிதன்று. அந்த மேடு முழுவதும் அவர்களுடைய முன்னோர் வெட்டி ஏற்றிய கல். 120 ஆண்டுகளில் தங்கவயல் தந்த தங்கம் ஏறத்தாழ 800 டன். மேடுகளில் எஞ்சியிருக்கும் கழிவோ 3 கோடி டன்னுக்கும் மேல்.

திரைப்படங்கள் இந்த மேடுகளை நாடறியச் செய்துள்ளன. 2018இல் வெளியான கன்னடப் படம் தங்கவயலின் ஆங்கிலச் சுருக்கப் பெயரை இந்தியா முழுவதும் ஒலிக்கவைத்தது. 2024இல் பா. இரஞ்சித்தின் ‘தங்கலான்’ பொன்னுக்காக வந்த மக்களின் தொன்மத்தை முன்வைத்தது. ஆனால் படம் பார்த்துவிட்டு வருபவர் மேட்டின்மேல் நின்று படமெடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார். மேட்டின் அடியிலிருக்கும் வரிசைகளுக்குள் அவர் நடப்பதில்லை.

நடை முடியுமிடம் சாம்பியன். வெற்றி அன்னை ஆலயம் இங்கே சாம்பியன் ரீஃப் பகுதியில் நிற்கிறது. வேளாங்கண்ணிக்கும் திருப்பத்தூருக்கும் மனத்தில் பாதியை வைத்திருக்கும் தமிழ்க் கத்தோலிக்கர்களின் ஆலயம் அது. மாரியம்மன் திருவிழாவும் தேவாலயத் தேரும் வைகாசிப் பௌர்ணமியும் ஒரே வரிசையில் வாழ்பவர்களின் நாட்காட்டியில் இடம்பெற்றன.

சாம்பியன் ரீஃபுக்கு மற்றொரு வரலாறும் உண்டு. அது மீண்டும் ஜப்பானோடு இணைகிறது. 1965இல் இச்சுரங்கத்தில் ஏறத்தாழ 2.3 கிலோமீட்டர் ஆழத்தில், மும்பையின் டாடா அடிப்படை ஆராய்ச்சிக் கழகம், ஒசாகா நகரப் பல்கலைக்கழகம், இங்கிலாந்தின் டர்ஹம் பல்கலைக்கழகம் ஆகியவற்றின் அறிவியலாளர்கள், வளிமண்டலத்தில் தோன்றும் நியூட்ரினோ துகள்களின் தடயத்தைப் பதிவு செய்தனர். தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கம் ஒன்றிலும் அதே ஆண்டில் இது நிகழ்ந்தது. உலகில் இவ்வகைத் துகள் கண்டறியப்பட்டது அதுவே முதன்முறை. அந்த ஆழத்தைத் தோண்டியவர்களும், கருவிகளை இறக்கியவர்களும் லைன் வீட்டுக்காரர்கள்தாம். பின்னாளில் ஜப்பான் தன் காமியோக்கா சுரங்கத்தில் இத்துறையை வளர்த்தெடுத்து இரண்டு நோபல் பரிசுகளுக்கு வழிவகுத்தது. தங்கவயலின் ஆய்வு 1990களின் தொடக்கத்தில் முடிந்தது. பின்னர்ச் சுரங்கமும் மூடப்பட்டது.

1956இல் மைசூர் அரசும், 1962இல் மத்திய அரசும் சுரங்கங்களை ஏற்றன. 1972இல் பாரத் தங்கச் சுரங்க நிறுவனம் உருவானது. தாதுவில் பொன்னின் அளவு குறைந்து, செலவு ஏறி, 2001 பிப்ரவரி 28இல் எல்லாம் நின்றது. சங்கு ஓய்ந்தது. நீரிறைக்கும் எந்திரங்கள் நின்றதும் நிலத்தடி நீர் மெல்ல ஏறி, மூன்று கிலோமீட்டர் ஆழத்துப் பாதைகளை மூழ்கடித்தது. குடும்பங்கள் மட்டும் நிறுவனத்தின் வரிசை வீடுகளிலேயே தங்கிவிட்டன. நான்கு தலைமுறை வாழ்ந்த வீட்டுக்குத் தம் பெயரில் பத்திரம் வேண்டும் என்பது அவர்களுடைய நெடுநாள் கோரிக்கை.

2024இல் 13 சயனைடு மேடுகளிலிருந்து மீண்டும் பொன் பிரிக்கும் மத்திய அரசின் திட்டத்துக்குக் கர்நாடக அமைச்சரவை இசைவளித்தது. வேலை வரும் என்ற நம்பிக்கையும், தூசி கிளம்பும் என்ற அச்சமும் ஊரில் சேர்ந்தே இருக்கின்றன. எதுவாயினும், மேடுகள் கரையத் தொடங்கினால் மாரிகுப்பத்தின் நிலத்தோற்றம் மாறும். மாறுவதற்கு முன் செய்ய வேண்டிய சில பணிகள் உள்ளன. அவற்றுக்குப் பெரும் பொருட்செலவு தேவையில்லை. வரிசைகளின் பழைய பெயர்களை முதியவர்களிடம் கேட்டு எழுதவேண்டும். பௌத்த சங்கம் இயங்கிய இடங்களையும், ‘தமிழன்’ அச்சான இடத்தையும், 1946இன் நினைவையும் பலகை வைத்து அடையாளப்படுத்தவேண்டும். வீட்டுப் பெட்டிகளில் கிடக்கும் பழைய இதழ்களையும் சம்பளச் சீட்டுகளையும் திருமண அழைப்புகளையும் படியெடுத்து வைக்கவேண்டும். 1802இல் 45 அடிக் குழியில் நின்று கூடை மாற்றியவர்களிலிருந்து தொடங்கும் ஒரு வரலாற்றுப் பலகை, மாரிகுப்பம் நிலையத்தின் வாயிலில் நிற்கவேண்டும். ஓமோரியின் தெருவைக் காப்பாற்றியதில் அந்தத் தெருவில் வாழ்ந்தவர்களின் பங்கு பெரிது. மாரிகுப்பத்திலும் அப்பணியைத் தொடங்குவதற்கு உரியவர்கள் அங்கு வாழ்பவர்களே. வெளியிலிருந்து வருபவர்கள் துணை நிற்கலாம்.

விடியற்காலையில் மாரிகுப்பத்திலிருந்து பெங்களூருக்குப் புறப்படும் ரயிலில், இருள் பிரியும் முன்பே இடம் நிரம்பிவிடுகிறது. கட்டட வேலைக்கும், கடைகளுக்கும், தொழிற்சாலைகளுக்கும், மென்பொருள் நிறுவனங்களுக்கும் போகிறவர்கள் நாள்தோறும் சென்று, இரவு இருட்டியபின் திரும்புகின்றனர். ஆட்களைச் சுரங்கத்துக்குக் கொண்டுவரப் போட்ட தண்டவாளம், இன்று அவர்களுடைய பேரர்களை வேலைதேடி வெளியே அழைத்துச் செல்கிறது. நிலையத்திலிருந்து சாம்பியன் வரையிலான அந்தச் சிறு நடையை அவர்களில் பலர் சிறுவயதில் ஆயிரம் முறை நடந்திருப்பார்கள். தம் கொள்ளுப்பாட்டன் ‘தமிழன்’ இதழுக்குச் சந்தா கட்டியவர் என்பதை அறிந்து அவர்கள் அந்தத் தெருவில் மீண்டும் ஒருமுறை நடக்கவேண்டும்.